ஸ்காட்லாந்துப் பேச்சு: எது வட்டாரம், எது வர்க்கம்? அட்டவணை சரியா?

#1 துணைவரி

வணக்கம். சப்டைட்டில் வேலைக்குப் புதிதாக வருகிறவர்களுக்கு இரண்டு மணி நேர வகுப்பு ஒன்று தயாராகிறது. பிரிட்டன் படங்களிலும் தொடர்களிலும் வரும் ஸ்காட்லாந்துப் பேச்சைக் காதில் வாங்கிப் பிரித்தறிவதுதான் பாடம். அதற்காக இரண்டு பத்தி அட்டவணை ஒன்று போட்டிருக்கிறேன்.

வட்டாரம்: 'ஹூஸ்', 'டூன்' (ஹவுஸ், டவுன் என்பதற்கு), 'வீ' (சிறிய), 'கன்னே', 'டின்னே' (கான்ட், டோன்ட்), 'தி கார் நீட்ஸ் வாஷ்ட்', ஆர் ஒலியை விடாமல் சொல்வது.

வர்க்கம்: சொல் நடுவில் டி ஒலியைத் தொண்டையில் அடைப்பது (பட்டர் என்பது 'ப-அர்' ஆவது), சொல் முதலில் ஹ் ஒலியை விழுங்குவது, 'ஐ சீன் இட்', பன்மைக்கு 'யூஸ்'.

பிழை இருந்தால் சொல்லுங்கள். ஸ்காட்ஸ் தனி மொழி என்கிறார்களே, அதை இதில் எங்கே வைப்பது?

#2 வேர்ச்சொல்

பாதி வரிகள் இடம் மாற வேண்டும். ஒரு வரி அடியோடு போக வேண்டும். அதைவிடப் பெரிய சிக்கல், இரண்டு பத்தி என்ற அமைப்பே இங்கே ஒத்துவராது.

முதலில் 'ஹூஸ்'. இது 'ஹவுஸ்' தேய்ந்து வந்ததல்ல. பழைய ஆங்கிலத்தில் அந்தச் சொல்லே 'ஹூஸ்' தான். 15ஆம் நூற்றாண்டு முதல் தெற்கு இங்கிலாந்தில் நெட்டுயிர்கள் வரிசையாக இடம்பெயர்ந்தபோது அங்கே 'ஊ' என்பது 'அவு' ஆனது. வடக்கே அந்த ஒலி நகரவே இல்லை. 'ஸ்டோன்', 'ஹோம்' என்பவை 'ஸ்டேன்', 'ஹேம்' என்று கேட்பது வேறு கணக்கு: பழைய நெடில் 'ஆ' தெற்கில் 'ஓ' பக்கம் போனது, வடக்கில் 'ஏ' பக்கம் போனது. 'நைட்' என்பதை 'நிஃக்ட்' என்று சொல்வதில், ஆங்கில எழுத்துக்கூட்டலில் இன்றும் ஊமையாக நிற்கும் ஜி-எச் உயிரோடு இருக்கிறது.

ஸ்காட்ஸின் வேர் பழைய ஆங்கிலத்தின் வடக்குக் கிளையான நார்தம்பிரிய வழக்கு. கேலிக் வேறு குடும்பம், கெல்டிக் மொழி. இரண்டையும் குழப்பும் சப்டைட்டில் குறிப்புகள் ஏராளம். வகுப்பின் முதல் ஐந்து நிமிடத்தை இதற்கே ஒதுக்கலாம்.

ஆனால் 'ஹூஸ்' வட்டாரச் சொல் என்று எழுதிவிட்டுப் போகவும் முடியாது. 1560க்குப் பிந்தைய சீர்திருத்தச் சபை ஆங்கில பைபிளைக் கொண்டுவந்தது. 1603இல் அரசவை லண்டனுக்குப் போனது. 1707இல் நாடாளுமன்றமும் போனது. அதன் பிறகு எடின்பரோ மேல்தட்டு தன் பேச்சிலிருந்த ஸ்காட்ஸைக் களை பிடுங்கத் தொடங்கியது. தத்துவவாதி டேவிட் ஹியூம் 1752இல் தவிர்க்க வேண்டிய ஸ்காட்டிஷ் வழக்குகளுக்குப் பட்டியலே வெளியிட்டார். 1761இல் ஷெரிடன் என்ற அயர்லாந்துக்காரர் எடின்பரோவில் உச்சரிப்புச் சொற்பொழிவு நடத்த, ஊர்ப் பெரியவர்கள் காசு கொடுத்துக் கேட்டார்கள். 1779இல் ஜேம்ஸ் பீட்டி இன்னொரு பட்டியல் போட்டார். வடக்கின் பொதுப்பேச்சாக இருந்தது இப்படித்தான் நகரங்களில் உழைக்கும் வர்க்கத்தின் அடையாளமாக இறங்கியது. இன்று கிளாஸ்கோவில் 'ஹூஸ்' என்பது வர்க்கக் குறி. அபர்டீன்ஷயர் கிராமத்தில் அதே சொல்லுக்கு அந்த அளவு வர்க்க வாடை கிடையாது.

எனவே இரண்டு பத்திக்குப் பதில் ஐந்து பத்தி போடுங்கள். ஸ்காட்ஸ் மொழி ஆய்வாளர் ஏ. ஜே. எய்ட்கன் கொடுத்த மாதிரி அது, இன்னும் அதைவிட நல்லது வரவில்லை.

முதல் பத்தி: ஸ்காட்ஸில் மட்டும் உள்ள சொற்கள். 'பேர்ன்' (குழந்தை), 'கிர்க்' (தேவாலயம்), 'கென்' (தெரியும்), 'ஸ்கன்னர்' (அருவருப்பு).
இரண்டு: ஆங்கிலத்தோடு ஒரே வேர், ஒலி மட்டும் வேறு. 'ஹேம்', 'ஹூஸ்', 'மேர்', 'ஹீட்' (தலை), 'ஆல்ட்' (பழைய).
மூன்று: இரண்டுக்கும் பொது. 'நேம்', 'விண்டர்', 'சீ', 'டை' (கட்டு). பேச்சில் பெரும்பங்கு இதுதான்.
நான்கு: இரண்டாம் பத்திக்கு ஆங்கில இணைகள். 'ஹோம்', 'ஹவுஸ்', 'மோர்'.
ஐந்து: முதல் பத்திக்கு ஆங்கில இணைகள். 'சைல்ட்', 'சர்ச்', 'நோ'.

பேசுகிறவர் ஒன்று இரண்டு மூன்றில் நின்றால் செறிவான ஸ்காட்ஸ். மூன்று நான்கு ஐந்தில் நின்றால் ஸ்காட்டிஷ் பொது ஆங்கிலம். பெரும்பாலோர் நடுவில் அலைகிறார்கள். ஆகவே ஒருவரைப் பார்த்து இவர் பேசுவது எந்த மொழி என்று கேட்பதைவிட, இந்த வாக்கியத்தில் எந்தப் பத்தியிலிருந்து எத்தனை சொல் எடுத்தார் என்று பார்ப்பது பயன் தரும்.

#3 நல்லூரான்

'ஹ்' விழுங்கிறதை முற்றா வெட்டுங்கோ. அது ஸ்கொட்லாந்தில இல்லை. லண்டன், பேர்மிங்ஹாம், லீட்ஸ் எண்டு இங்கிலாந்து நகரங்களில உழைக்கிற சனம் 'ஹவுஸ்' எண்டதை 'அவுஸ்' எண்டு சொல்லுறது உண்மை. வடகிழக்கில நியூகாசிலுக்குப் போனால் அது நிண்டு போகும், எல்லை தாண்டினால் இல்லவே இல்லை. அழுத்தம் விழாத 'ஹிம்', 'ஹெர்' எண்ட சொற்களில ஹ் போறது ஆங்கிலம் பேசுற எல்லாருக்கும் பொது, அதைக் கணக்கில எடுக்கக் கூடாது. படத்தில கிளாஸ்கோக்காரனா நடிக்கிறவர் 'அவுஸ்' எண்டு சொன்னால், அந்த நடிகர் தெற்கத்தி ஆள் எண்டு விளங்கும்.

இன்னொண்டு. 'ஸ்கொட்லாந்துப் பேச்சு' எண்டு ஒண்டில்லை. 'கன்னே', 'டின்னே' எண்ட முடிவு மத்திய பகுதிக்குரியது, எடின்பரோவும் கிளாஸ்கோவும் அதுக்குள்ள வரும். வடகிழக்கில, அபர்டீன் பக்கம், 'கன்னா', 'டின்னா'. பிள்ளையைக் கிழக்கிலயும் வடக்கிலயும் 'பேர்ன்' எண்டுவினம், கிளாஸ்கோ சுற்றி மேற்கில 'வேன்'. 'கென்' எண்ட வினை கிழக்கில வாயெல்லாம் வரும், கிளாஸ்கோவில அது வெளியூர்ச் சொல்.

வடகிழக்குக்கு ஒரு நிச்சயமான அடையாளம் இருக்குது. கேள்விச் சொல்லில வர்ற 'வ்' அங்க 'ஃப்' ஆகும். வாட் எண்டது 'ஃபிட்', வேர் எண்டது 'ஃபார்', ஹவ் எண்டது 'ஃபூ'. 'ஃபிட் லைக்?' எண்டு ஆராவது கேட்டால் சுகம் விசாரிக்கினம். பெடியன் 'லூன்', பெட்டை 'க்வைன்'. 'குட்' எண்டது 'க்வீட்', 'மூன்' எண்டது 'மீன்'. நிலவைச் சொல்லேக்க மீன் எண்டு எழுதிப் போடாதேங்கோ.

ஷெட்லாண்ட் தனி உலகம். அங்க நோர்ன் எண்ட ஸ்கண்டிநேவிய மொழி 18ஆம் நூற்றாண்டு மட்டும் கிடந்தது. 'வீ' எண்டதுக்குப் பதில் 'பீரி'. நெருங்கின ஆளை 'டூ' எண்டு ஒருமையில கூப்பிடலாம். 'ஐ ஹேவ் ரிட்டன்' எண்ட இடத்தில 'ஐ ஆம் ரிட்டன்' எண்டு வரும்.

#4 துணைவரி

ஹ் வரியை எடுத்துவிட்டேன். மற்றவற்றில் எவை இடம் மாறுகின்றன? 'வீ', 'நீட்ஸ் வாஷ்ட்' இரண்டும் வட்டாரம்தானே?

#5 வேர்ச்சொல்

அவை இரண்டும் சுத்தமான வட்டாரம், வர்க்கம் ஒட்டவில்லை. நீதிபதியும் 'வீ' என்பார், பேருந்து ஓட்டுநரும் 'வீ' என்பார். 'நீட்ஸ் வாஷ்ட்' அப்படியே. பேராசிரியர்கள் கூட அது ஸ்காட்டிஷ் என்று தெரியாமலே எழுதுவார்கள். வடக்கு அயர்லாந்திலும் உண்டு. அமெரிக்காவில் பிட்ஸ்பர்க் சுற்றுப்புறத்திலும் உண்டு. 'அவுட்வித்' (அதற்கு வெளியே) என்ற சொல் அரசாங்க அறிக்கையிலேயே வரும். எய்ட்கன் இவற்றை மறைவான ஸ்காட்டிஷ் வழக்கு என்று தனியே வகைப்படுத்தினார். பேசுகிறவருக்கே தெரியாததால் எந்தப் பட்டியலும் இவற்றைக் களைய முடியவில்லை. ஹியூமும் பீட்டியும் தெரிந்ததைத்தானே களைய முடியும்.

'ஐ சீன்', 'ஐ டன்' நேர் எதிர். இவை ஆங்கிலம் பேசும் எல்லா நாட்டிலும் பள்ளிப் படிப்பு குறைந்த இடத்தில் கேட்கும். இவற்றில் வட்டாரமே இல்லை, வர்க்கம் மட்டும்தான். 'யூஸ்' இடையில் நிற்கிறது: ஸ்காட்லாந்து, அயர்லாந்து, லிவர்பூல், ஆஸ்திரேலியா எங்கும் உண்டு, எல்லா இடத்திலும் கீழ்த்தட்டு முத்திரையோடு.

'கன்னே' இரண்டுக்கும் பொது. வடிவம் வட்டாரத்தைச் சொல்லும், எவ்வளவு அடிக்கடி வருகிறது என்பது வர்க்கத்தைச் சொல்லும். நடுத்தர வர்க்கத்தார் 'கன்னே'க்குப் பதில் 'கேன் நாட்' என்று பிரித்துச் சொல்வார்கள். 'ஐ'ல் நாட்' என்பது 'ஐ வோன்ட்' என்பதைவிட ஸ்காட்லாந்தில் இயல்பு. தெற்கத்தி ஆங்கிலம் பழகிய காதுக்கு அது கோபமாகப் படும். கோபம் இல்லை.

#6 அளவுகோல்

டி ஒலி பற்றி யாரும் பேசவில்லை. 'இருக்கிறது / இல்லை' என்று அதை எந்தப் பத்தியில் போட்டாலும் தவறு. கிளாஸ்கோவில் எல்லா வர்க்கத்திலும் தொண்டையடைப்பு உண்டு. விகிதம்தான் மாறும், அதுவும் சொல்லில் எந்த இடத்தில் என்பதைப் பொறுத்து. எண்ணாமல் எதுவும் சொல்ல முடியாது. எண்ணும் முறை:

பேச்சுப் பதிவில் டி வரக்கூடிய எல்லா இடத்தையும் குறியுங்கள், டி ஒலித்தாலும் அடைத்தாலும். பிறகு நான்காகப் பிரியுங்கள். (அ) சொல் நடுவில் இரு உயிருக்கிடையே: பட்டர், வாட்டர். (ஆ) சொல் கடைசியில், அடுத்த சொல் உயிரில் தொடங்கும்போது: கெட் ஆஃப். (இ) சொல் கடைசியில், அடுத்தது மெய்: கெட் டவுன் அல்ல, கெட் மீ மாதிரி. (ஈ) பேச்சு நிற்குமிடத்தில்: நாட் தட்.

இ வகையில் 'கெட் டவுன்' ஏன் கூடாது என்றால், டியும் டியும் ஒட்டிக்கொள்ளும்போது அடைப்பு வந்ததா என்று காதால் சொல்ல முடியாது. டி, ட்ஹ் தொடரும் எல்லா இடத்தையும் ஒதுக்குங்கள். 'ஸ்டாப்' மாதிரி எஸ்ஸுக்குப் பின் வரும் டியும் வேண்டாம், அது அடைபடவே அடைபடாது; சேர்த்தால் விகிதம் பொய்யாக இறங்கும்.

ஒரே சொல்லை ஒருவரிடமிருந்து ஐந்து தடவைக்கு மேல் எடுக்காதீர்கள். இந்த வரம்பு இல்லாவிட்டால் 'தட்', 'இட்', 'பட்' மூன்றும் கணக்கை விழுங்கிவிடும். ஒருவருக்கு ஒரு வகையில் 30 இடம் கிடைத்தால் நிம்மதி. 10க்குக் கீழே போனால் விழுக்காடு போடாதீர்கள், எண்ணிக்கையை மட்டும் சொல்லுங்கள்.

இ வகையில் தொண்டையடைப்பு இங்கிலாந்து மேல்தட்டிலேயே கேட்கும், அதற்கு முத்திரை கிடையாது. முகம் சுளிக்க வைப்பது அ வகைதான். நான்கையும் கூட்டி ஒரே எண் கொடுத்தால் மருத்துவரும் துறைமுகத் தொழிலாளியும் பக்கத்துப் பக்கத்தில் வந்து நிற்பார்கள். அ-வை மட்டும் எடுத்தால் பிளவு பளிச்சென்று தெரியும்.

இந்த எண்ணும் முறைக்குப் பாடப்புத்தக உதாரணம் இங்கிலாந்தின் நாரிச் நகரம். பீட்டர் டிரட்கில் அங்கே 60 பேரிடம் எடுத்து 1974இல் வெளியிட்ட ஆய்வில் 'வாக்கிங்' என்பதை 'வாக்கின்' என்று சொல்லும் விகிதம் இப்படி: கடைசித் தட்டு உழைக்கும் வர்க்கம், இயல்பான பேச்சில் 100, சொற்பட்டியல் வாசிக்கும்போது 29. நடுத்தர வர்க்கத்தின் மேல்பகுதி, இயல்பான பேச்சில் 28, முறையான பேச்சில் 3, பட்டியல் வாசிப்பில் 0. எந்த வர்க்கமும் முழுக்க ஒரு பக்கம் இல்லை. வர்க்கமும் சூழலும் ஒரே திசையில் இழுக்கின்றன. நடிகர் வசனத்தைப் பதிவாக எடுத்து எண்ணினால் வருவது பட்டியல் வாசிப்புக்கு நெருங்கிய எண் என்பதை மறக்க வேண்டாம்.

#7 தெருமுனை

> எந்த வர்க்கமும் முழுக்க ஒரு பக்கம் இல்லை

அதே 'இன்' முடிவை 20ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் இங்கிலாந்துப் பிரபுக்களும் சொன்னார்கள். வேட்டை, துப்பாக்கி, மீன்பிடி மூன்றையும் 'ஹன்டின், ஷூட்டின், ஃபிஷின்' என்பது அவர்களின் கேலிச்சித்திரம். மேல் நுனியும் அடி நுனியும் ஒன்று, நடுவில் இருந்தவர்கள்தான் எழுத்தைப் பார்த்துப் பேசினார்கள்.

ஆர் ஒலியும் அப்படித்தான். லண்டன் பக்கம் 'கார்' என்பதில் ஆர் ஒலித்தால் நாட்டுப்புறம், ஒலிக்காவிட்டால் கௌரவம். நியூயார்க்கில் தலைகீழ்: 1962இல் மொழியியலாளர் லபோவ் மூன்று பல்பொருள் அங்காடிகளில் 'ஃபோர்த் ஃப்ளோர்' என்று சொல்ல வைத்துக் கேட்டார். விலை உயர்ந்த கடையில் 62 விழுக்காட்டு ஊழியர்கள் ஓரளவாவது ஆர் ஒலித்தார்கள், நடுத்தரக் கடையில் 51, மலிவுக் கடையில் 20. ஒலியில் எந்த மேன்மையும் இல்லை, யார் வாயில் இருக்கிறது என்பதுதான்.

#8 வேர்ச்சொல்

ஆர் பற்றி தெருமுனை சொன்னதோடு கிளாஸ்கோவைச் சேர்க்க வேண்டும். அங்கே உழைக்கும் வர்க்க இளைஞர்கள் 'கார்' என்னும்போது ஆர் கரைந்தது போல் கேட்கும். இங்கிலாந்துத் தாக்கம் என்று பலர் எழுதிவிட்டார்கள். லாசன், ஸ்டுவர்ட்-ஸ்மித், ஸ்காபி ஆகியோர் நாக்கின் அசைவை அல்ட்ராசவுண்டில் பார்த்தபோது கதை மாறியது. நாக்கு நுனி ஆர் ஒலிக்கு எழும்பத்தான் செய்கிறது. குரல் நின்ற பிறகு எழும்புகிறது, அதனால் கேட்பதில்லை. நடுத்தர வர்க்க இளைஞர்கள் நாக்கின் நடுவைக் குவித்துக் கனமான ஆர் சொல்கிறார்கள். ஒரே நகரம், ஒரே வயது, ஒலி எதிரெதிர்த் திசையில் போகிறது.

உங்கள் அட்டவணையில் 'ஆர் ஒலியை விடாமல் சொல்வது: வட்டாரம்' என்று உள்ளதே, அதை 'முதியோருக்கும் நடுத்தர வர்க்கத்துக்கும்' என்று திருத்துங்கள். உருட்டும் ஆர், படங்கள் சொல்கிற அளவுக்கு இன்று கேட்பதில்லை.

#9 துணைவரி

காதால் ஸ்காட்டிஷ் என்று உறுதி செய்ய, வர்க்கம் கலக்காத ஒரு சோதனை உண்டா? நடிகர் நடிக்கிறாரா, ஊர்க்காரரா என்று மாணவர்கள் கட்டாயம் கேட்பார்கள்.

#10 அளவுகோல்

உண்டு. உயிரின் நீளம். இதை எய்ட்கன் விதி என்பார்கள்.

இங்கிலாந்தில் உயிருக்குப் பின் அதிர்வொலி (குரல்நாண் அதிரும் மெய்) வந்தால் உயிர் நீளும்: 'பீட்' (அடி) என்பதைவிட 'பீட்' (கோர்க்கும் மணி, கடைசியில் அதிரும் டி) நீளம். ஸ்காட்லாந்தில் அப்படி இல்லை. அங்கே உயிர் நீள்வது மூன்று இடத்தில்: வ், ஸ்-இன் அதிர்வொலி, 'தி'யின் ட்ஹ் போன்ற அதிரும் உரசொலிக்கு முன்; ஆர் ஒலிக்கு முன்; சொல்லோ பகுதியோ முடியும் இடத்தில். மூன்றாவதுதான் சோதனைக்கு உதவும்.

'க்ரீட்' (பேராசை), 'அக்ரீட்' (ஒத்துக்கொண்டார்) இரண்டையும் சொல்லச் சொல்லுங்கள். இரண்டிலும் ஒலிகள் ஒன்று. ஸ்காட்டிஷ் வாயில் முதலாவது குறில் அளவு, இரண்டாவது நெடில், ஏனென்றால் 'அக்ரீ' அங்கே முடிந்து இறந்தகால டி ஒட்டுகிறது. 'ப்ரூட்' (அடைகாத்தல்), 'ப்ரூட்' (காய்ச்சிய) ஜோடியும் அதே. தெற்கு இங்கிலாந்துக்காரருக்கு இந்த ஜோடிகள் எதுகை.

நீளத்தைப் பிடிக்கக் காது பழகாதவர்களுக்கு 'டைட்' ஜோடி எளிது: கடல் ஏற்ற இறக்கத்தின் 'டைட்', கட்டிய 'டைட்'. இங்கே நீளத்தோடு ஒலியின் தன்மையும் மாறும். முதலாவது 'அய்'க்கும் 'எய்'க்கும் நடுவில் குறுகிக் கேட்கும், இரண்டாவது 'ஆஎ' என்று வாய் திறந்து கேட்கும். பிராட் என்ற இலவச மென்பொருளில் உயிரின் தொடக்கத்தையும் முடிவையும் குறித்து மில்லிசெகண்டில் அளக்கலாம். ஒரே வேகத்தில், வாக்கியத்தின் ஒரே இடத்தில் வரும் சொற்களை ஒப்பிடுங்கள். வாக்கியக் கடைசியில் எல்லா உயிரும் நீளும். அதைக் கவனிக்காமல் அளந்துவிட்டு விதி பொய் என்று எழுதுகிறவர்கள் உண்டு.

கூடவே இரண்டு: 'புல்' (இழு), 'பூல்' (குளம்) ஒரே ஒலியாக வர வேண்டும். 'காட்' (கட்டில்), 'காட்' (பிடித்தார்) அதேபோல் ஒன்றாக. இந்த ஒன்றிப்புகள் எல்லா வர்க்கத்திலும் உண்டு. வெளியூர் நடிகர்கள் ஆரைக் கற்றுக்கொண்டு இவற்றில் கோட்டை விடுவார்கள்.

எழுத்தில் போலியைப் பிடிக்க வேறு சோதனை. 'அவு' வரும் இடமெல்லாம் 'ஊ' போட்டால் ஸ்காட்ஸ் ஆகிவிடாது. 'கிரவுண்ட்', 'பவுண்ட்', 'ஃபவுண்ட்' மூன்றும் ஸ்காட்ஸில் 'க்ரன்ட்', 'பன்ட்', 'ஃபன்ட்' மாதிரி குறுகி வரும், ஏனென்றால் என்-டி முன் உயிர் நீண்டது தெற்கில்தான். 'க்ரூண்ட்' என்று யாராவது எழுதியிருந்தால் அவர் அகராதியைத் திறக்கவில்லை.

#11 தெருமுனை

அகராதி திறந்தும் கெடுக்கலாம். ஸ்காட்ஸ் விக்கிப்பீடியாவில் 2020 ஆகஸ்டில் வெளிவந்தது அதுதான். அமெரிக்கப் பதின்வயதுப் பயனர் ஒருவர் ஆயிரக்கணக்கான கட்டுரைகளை ஆங்கில வாக்கியத்தில் சொல்லுக்குச் சொல் ஸ்காட்ஸ் பொருத்தி எழுதியிருந்தார். இலக்கணம் முழுக்க ஆங்கிலம். வேர்ச்சொல்லின் ஐந்து பத்தியில் ஒன்றையும் ஐந்தையும் மட்டும் பார்த்தால் இப்படித்தான் ஆகும்.

இலக்கணத்தில் பார்க்க வேண்டியது என்றால் வடக்கத்தி எழுவாய் விதி. வினையில் 'ஸ்' முடிவு பன்மை எழுவாய்க்கும் வரும்: 'தி பேர்ன்ஸ் சிங்ஸ்'. ஆனால் 'தே' என்ற சுட்டுப்பெயர் வினையை ஒட்டி நின்றால் 'ஸ்' வராது: 'தே சிங்'. இடையில் வேறு சொல் புகுந்தால் மறுபடி வரும். 'தெம் தட் சேஸ்' என்பது பிழை இல்லை, விதிப்படி வந்தது. தெற்கு எல்லையோர ஊரான ஹாவிக் பக்கம் இரட்டைத் துணைவினையும் கேட்கும்: 'ஹி'ல் கேன் டூ இட்'.

#12 கூத்தாடி

எல்லாம் சரி. தமிழில் எப்படிக் கொடுப்பது? கிளாஸ்கோ உழைக்கும் வர்க்கத்துக்கு சென்னை பாஷை, அபர்டீனுக்கு நாகர்கோவில், ஷெட்லாண்டுக்கு யாழ்ப்பாணம் என்று ஒரு முறை வைத்துக்கொண்டால் பார்வையாளருக்கு உடனே பிடிபடுமே.

#13 நல்லூரான்

ஷெட்லாண்ட் மீன்பிடிகாரன் யாழ்ப்பாணத்தில கதைச்சால் பார்க்கிற சனத்துக்குப் போர், அகதி, கனடா எல்லாம் ஞாபகம் வரும். படத்தில அது ஒண்டும் இல்லை. வட்டாரத்துக்கு வட்டாரம் பொருத்தினால் அந்த வட்டாரத்தின்ர முழுச் சரித்திரமும் கூடவே வந்து குந்தும்.

#14 வேர்ச்சொல்

நல்லூரான் சொல்வது சரி. இன்னொரு காரணமும் உண்டு. தமிழில் மேடைத்தமிழை வீட்டில் பேசுகிறவர் கிடையாது. பணக்காரரும் ஏழையும் வீட்டில் பேச்சுத்தமிழ்தான். ஸ்காட்லாந்தில் பொது ஆங்கிலத்தையே வீட்டில் தாய்மொழியாகப் பேசும் குடும்பங்கள் ஏராளம். நம் எழுத்து-பேச்சு இடைவெளி சூழலைப் பொறுத்தது. அவர்களுடையது சூழலையும் ஆளையும் சேர்த்துப் பொறுத்தது. அப்படியே பொருத்தினால் நடுத்தர வர்க்கக் கிளாஸ்கோக்காரர் சாப்பாட்டு மேசையில் மேடைத்தமிழ் பேச வேண்டியதாகிவிடும்.

ஒருவர் பேசும் காட்சிக்குள்ளேயே நடக்கும் மாற்றத்தைக் காட்டலாம். எய்ட்கன் இதை இரண்டாகப் பிரித்தார். சிலர் காவலரைக் கண்டதும் ஸ்காட்ஸிலிருந்து ஆங்கிலத்துக்குச் சட்டென்று மாறுவார்கள், நடு நிலை இல்லை. அது பெரும்பாலும் கிராமத்தவர், முதியோர். மற்றவர்கள் வழுக்கிக்கொண்டே போவார்கள், 'ஹூஸ்' இரண்டு, 'ஹவுஸ்' ஒன்று என்று. சட்டென்ற மாற்றத்துக்குத் தமிழிலும் சட்டென்று நடையை மாற்றுங்கள்: 'எனக்குத் தெரியல' என்றவர் 'எனக்குத் தெரியாதுங்க, சார்' என்று வரட்டும். வழுக்கலை எழுத்தில் காட்ட முயலாதீர்கள். 42 எழுத்து வரியில் அது தட்டச்சுப் பிழை போலத்தான் தெரியும்.

#15 கூத்தாடி

சென்னை பாஷை நகைச்சுவைப் படத்துக்கு இன்னும் பொருந்தும் என்றுதான் நினைக்கிறேன். மற்றதை ஒப்புக்கொள்கிறேன்.

#16 நல்லூரான்

நடையை விட்டுப்போட்டு முதலில பொருளைப் பிடியுங்கோ. பிழை கூட வாறது இந்தச் சொற்களிலதான், ஏனெண்டால் ஆங்கிலம் மாதிரியே கேட்கும்.

'ஐ டவுட் இட்'ல் ரெயின்': மழை வரும் எண்டு நினைக்கிறன். சந்தேகம் மழையில இல்லை.
'மெசேஜஸ்': கடையில வாங்கிற வீட்டுச் சாமான்.
'வேர் டூ யூ ஸ்டே?': எங்க குடியிருக்கிறீர்? விருந்தாளியிட்டக் கேட்கிறதில்லை.
'டூ யூ மைண்ட் ஹிம்?': அவரை ஞாபகம் இருக்கே?
'ஹவ் நோ?': ஏன் இல்லை?
'க்ரீட்டிங்': அழுகை. 'ஷீ வாஸ் க்ரீட்டிங்' எண்டதுக்கு 'வாழ்த்திக்கொண்டிருந்தாள்' எண்டு போட்டால் சாவீட்டுக் காட்சி பகிடியாப் போகும்.
'ஃப்ளிட்டிங்': வீடு மாறுறது.
'எ பீஸ்': பாண் துண்டுக்க எதையாவது வைச்சது.
'க்ளோஸ்': கிளாஸ்கோ மாடிக் குடியிருப்பின்ர பொது நடைவழி, படிக்கட்டு. தெருவில்லை.
'ஜின்ஜர்': கிளாஸ்கோவில எந்தச் சோடாவும். இஞ்சி இல்லை.

#17 துணைவரி

இதை அப்படியே கைப்பிரதியாகக் கொடுத்துவிடலாம். மொழியா கிளைவழக்கா என்ற கேள்விக்கு மட்டும் வகுப்பில் என்ன சொல்வது?

#18 வேர்ச்சொல்

சட்டம் என்ன சொல்கிறது என்று சொல்லுங்கள், அது தெளிவு. சிறுபான்மை மொழிகளுக்கான ஐரோப்பிய சாசனத்தை 2001இல் பிரிட்டன் ஏற்றபோது ஸ்காட்ஸ் அதில் உண்டு. 2025இல் ஸ்காட்லாந்து நாடாளுமன்றம் நிறைவேற்றிய மொழிகள் சட்டம் கேலிக், ஸ்காட்ஸ் இரண்டுக்கும் அதிகாரபூர்வ நிலை கொடுத்தது. 2011, 2022 மக்கள்தொகைக் கணக்கெடுப்புகளில் ஸ்காட்ஸ் பேசத் தெரியும் என்றவர்கள் சுமார் 15 லட்சம். இது அவரவர் சொன்ன கணக்கு. இலேசாக ஸ்காட்ஸ் கலந்து பேசுகிற சிலர் 'ஆம்' என்கிறார்கள்; செறிவாகப் பேசும் சிலர் 'அது ஸ்லாங்' என்று சொல்லி 'இல்லை' போடுகிறார்கள். 2011இல் இதற்காகவே ஒலிப்பதிவு கேட்டு முடிவு செய்ய ஓர் இணையதளம் வைத்தார்கள்.

சப்டைட்டிலில் ஸ்காட்ஸ் சொல்லை மூல எழுத்தில் காட்ட நேர்ந்தால் அபாஸ்ட்ரஃபி வேண்டாம். 'வித்' என்பதன் எழுத்து விழுந்தது போல 'வி' பக்கத்தில் குறி போடுவது 18ஆம் நூற்றாண்டுப் பழக்கம். ஆங்கிலத்துக்கு மன்னிப்புக் கேட்பது போன்ற குறி என்று அதற்குப் பெயரே வந்துவிட்டது. 1947இல் கவிஞர்கள் கூடி வகுத்த எழுத்து நெறி அதை நீக்கச் சொன்னது. விழாத எழுத்துக்கு எதற்குக் குறி?

#19 அளவுகோல்

பயிற்சி ஒலிக்குப் படத்தை நம்ப வேண்டாம். கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தின் ஸ்காட்ஸ் தொகுப்பு இணையத்தில் இலவசம்: 46 லட்சம் சொற்களுக்கு மேல், அதில் ஐந்தில் ஒரு பங்கு போலப் பேச்சு, ஒலியும் எழுத்துவடிவமும் இணைந்து ஓடும். பேசுகிறவரின் பிறந்த இடம், வயது, தொழில் கொடுத்திருப்பார்கள், வர்க்கத்தை வடிகட்டிக் கேட்கலாம். இலக்கணத்துக்கு அதே பல்கலைக்கழகத்தின் ஸ்காட்ஸ் தொடரமைப்பு வரைபடம் இருக்கிறது. 'நீட்ஸ் வாஷ்ட்' எந்த ஊரில் ஏற்கிறார்கள் என்று புள்ளி புள்ளியாகப் பார்க்கலாம். சொல்லுக்கு ஸ்காட்ஸ் மொழி இணைய அகராதி. பழைய ஸ்காட்ஸுக்கான 12 தொகுதிகளும் 1700க்குப் பிந்தையதற்கான 10 தொகுதிகளும் அதில் ஒன்றாகத் தேடக் கிடைக்கும்.

வகுப்புக்கு மூன்று துணுக்கு போதும், ஒவ்வொன்றும் 40 நொடி: அபர்டீன்ஷயர் முதியவர், கிளாஸ்கோ உழைக்கும் வர்க்க இளைஞர், எடின்பரோ நடுத்தர வர்க்கப் பெண். முதல் தடவை எழுத்துவடிவம் காட்டாமல் ஓட்டுங்கள். காட்டிவிட்டால் எல்லாரும் கண்ணால்தான் கேட்பார்கள்.